ஏழாவது இன்னிங்ஸ்

பாலத்தைத் தூக்கி இறக்குவது என் வேலை.
மாலை மூன்றிலிருந்து இரவு பதினொன்று வரை
ஒரு கண்ணாடி அறை, இரண்டு நெம்புகோல், ஒரு ரேடியோ.
கீழே ஈரி ஏரிக்குப் போகிற கறுப்புத் தண்ணீர்.

எங்கள் அணிக்கு நாரைகள் என்று பெயர்.
ஆறு இன்னிங்ஸ் வரை அந்தப் பெயருக்கு ஒரு குறையும் இல்லை.
மெக்கல்வி ஒற்றைக்காலில் நின்று எறிந்தால்
பந்து பிளேட்டின் ஓரத்தைச் சுரண்டிக்கொண்டு போகும்.
அடிக்க வந்தவர்கள் காற்றை அடித்துவிட்டுத் திரும்புவார்கள்.
நான்குக்கு ஒன்று. நமக்குத்தான் நான்கு.
சாண்ட்விச்சைப் பிரித்து
ஊறுகாய்த் துண்டைக்கூட நிதானமாகத் தின்கிறேன்.

பிறகு அந்தக் கதவு திறக்கிறது.

புல்பென் என்கிறார்கள். காளைகளை அடைத்துவைக்கும் பட்டியாம்.
பதினோரு வருடமாகப் பார்க்கிறேன்,
ஒரு காளையும் வந்தபாடில்லை.
வருவது ஹட்செக்.
முதல் ஆளுக்கு நான்கு பந்து, நான்கும் வெளியே.
நடந்து போ ராசா, முதல் தளம் உனக்குத்தான்.
இரண்டாவது ஆளும் நடக்கிறான்.
மூன்றாமவனுக்குக் கொஞ்சம் கூடுதல் மரியாதை,
முழங்கையிலேயே ஒரு போடு.
ஒரு மட்டை அசையவில்லை,
மூன்று தளமும் நிரம்பிவிட்டது.
அன்னதானத்தில்கூட
வரிசையில் நிற்கச் சொல்வார்கள்.

ஹட்செக்கை எடுத்துவிட்டு டிவினியை அனுப்புகிறார் மேனேஜர்.
தலை அரிக்கிறது என்று கொள்ளிக்கட்டையைத் தேடுகிற மனுஷன்.
டிவினி, போன செவ்வாய் கெடுத்தவன்.
லுகெனோ வெள்ளி.
ஞாயிற்றுக்கிழமை இருவரும் பங்கு போட்டுக்கொண்டார்கள்.
பாலத்தின் பதிவேட்டில் முன்பக்கம்
கப்பல், நேரம், காற்றின் வேகம்.
பின்பக்கம் இவர்கள் கணக்கு.
மேலதிகாரி ஒருமுறை பார்த்தார்.
ஒன்றும் சொல்லாமல்
ஜூன் மாதத்தில் விட்டுப்போன ஒரு தேதியைச் சேர்த்தார்.

'ஆட்டம் இன்னும் முடியவில்லை நேயர்களே' என்கிறாள்
ரேடியோவில் வாண்டா பிரஸ்கின்.
முடிந்திருந்தால் ஜெயித்திருப்போமே, வாண்டா!

அந்த நேரம் பார்த்து
இரும்புத்தாது ஏற்றிய கப்பல் ஒன்று ஊதுகிறது,
நீளமாய் ஒன்று, குட்டையாய் ஒன்று.
டிவினி கையைத் தூக்க, நான் பாலத்தைத் தூக்க,
மோட்டார் இரைச்சலில் ரேடியோ மூழ்கிப்போகிறது.
கப்பலுக்கு அவசரமே இல்லை.
தடுப்புக்கு அப்பால் பதினாறு வண்டிகள்,
எல்லாக் கண்ணாடிகளும் இறங்கியிருக்கின்றன.
முன்னால் நிற்கிற பிக்கப் லாரிக்காரர்
ஸ்டியரிங்கில் மெதுவாக
நெற்றியை வைக்கிறார்.
பின்வண்டிப் பெண் ஹாரனை ஒருமுறை அடிக்கிறாள்,
யாரையும் நகரச் சொல்லி அல்ல.

ஐந்துக்கு நான்கு.
ரேடியோ வேண்டியிருக்கவில்லை.

லுகெனோ வந்து மீதியையும் முடித்துவைத்தான். ஒன்பதுக்கு நான்கு.
மெக்கல்வி பெஞ்சில் இருக்கிறானாம்,
தோளில் ஐஸ், தலையில் துண்டு.
துண்டை அவன் எடுக்கவே இல்லை என்கிறாள் வாண்டா.

பதினொன்றுக்கு என்னை மாற்ற வேண்டியவன் ஆரின்.
பதினொன்று இருபதுக்கு வருகிறான்,
சட்டையெல்லாம் டோனட் சர்க்கரை.
'போச்சா, வென்டல்?'
'போச்சு.'
'எத்தனை நடை?'
'எண்ணவில்லை' என்று பொய் சொல்கிறேன்.
போன மார்ச்சில் இவன் தூங்கிப்போய்
ஒரு பாய்மரப் படகு நாற்பது நிமிடம் சுற்றிச்சுற்றி வந்தது.
சாவியை அவன் கையில் வைக்கிறேன்.
வேறு யார் கையில் வைக்க?

காரில் ஏறி உடனே கிளம்புவதில்லை.
விளக்கை அணைத்துவிட்டு மேலே பார்த்துக்கொண்டிருக்கிறேன்.
கண்ணாடி அறையில் ஆரின் நாற்காலியைச் சரிசெய்கிறான்,
காலை மேசைமேல் போடுகிறான்,
எடுக்கிறான்,
மறுபடி போடுகிறான்.
தூரத்தில் எங்கோ ஒரு படகு ஊதுகிறது.

எழுந்துவிடு, ஆரின்.

எழுந்தான். சிவப்பு விளக்கு எரிந்தது.
வாய்விட்டு, ஒருவரும் இல்லாத வாகன நிறுத்தத்தில்,
'ஸ்ட்ரைக்!' என்றேன்.

நாளை ஏழு ஐந்துக்கு ஆட்டம்.
ரேடியோவுக்கு பேட்டரி வாங்க வேண்டும்.